திரும்பி வரும் திமிங்கிலங்கள்

போன மாதம் நம் ஞாயிற்றுக்கிழமை சமய வகுப்பில் ஜீவகாருண்யம் பற்றிப் பேசும் பொறுப்பு என் தலையில் விழுந்தது. செமஸ்டர் விடுமுறை, ஈப்போவில் சும்மாதானே இருக்கிறாய் என்று தலைவர் அண்ணன் பிடித்துப் போட்டுவிட்டார். பசு, நாய், பூனை என்று ஆரம்பித்தால் பிள்ளைகள் தூங்கிவிடுவார்கள். அதனால் திமிங்கிலங்களைக் காட்டினேன்.

2016 ஜனவரி 11, மாலை. பொங்கலுக்குச் சில நாள்தான் இருந்தது. திருச்செந்தூருக்குத் தெற்கே, ஆலந்தலையிலிருந்து மணப்பாடு வரையுள்ள கரையில் 80-க்கும் மேற்பட்ட திமிங்கிலங்கள் ஒவ்வொன்றாக மணலில் வந்து ஒதுங்கின. நாம் சூரசம்ஹாரத்தை டிவியில் பார்க்கிறோமே, அந்தக் கடற்கரைக்குப் பக்கத்தில்தான். இவற்றைப் பைலட் திமிங்கிலம் என்கிறார்கள். பெயர்தான் திமிங்கிலம், உண்மையில் ஓங்கில் குடும்பம், வடகடல் ஓர்க்காக்களுக்குச் சொந்தக்காரர்கள். மீனவர்களும் வனத்துறையினரும் இரவெல்லாம் தண்ணீரில் நின்று தள்ளினார்கள். படகில் கட்டி ஆழத்துக்கு இழுத்துப் போனார்கள். விட்டுவிட்டுத் திரும்பினால், அதே திமிங்கிலங்கள் பின்னாலேயே கரைக்கு வந்தன. 40-க்கும் மேல் செத்துப்போயின. இதே கடற்பகுதியில் 1973 ஜனவரியிலும், அதுவும் பொங்கல் சமயம்தான், 147 பைலட் திமிங்கிலங்கள் ஒதுங்கியிருக்கின்றன.

படம் முடிந்ததும் மூன்றாம் படிவம் படிக்கும் ஒரு தங்கச்சி கை தூக்கினாள்.

"அண்ணா, காப்பாத்தினாலும் அது திரும்பி வருதே. அப்புறம் எதுக்கு அண்ணா காப்பாத்தணும்?"

நான் என்ன சொல்லியிருப்பேன் என்று நீங்களே ஊகிக்கலாம். கடமையைச் செய், பலன் மேல் பற்று வைக்காதே, கீதையில் கண்ணன் சொல்லவில்லையா என்றேன். பிள்ளைகள் தலையாட்டினார்கள். அவள் மட்டும் ஆட்டவில்லை. மோட்டார் சைக்கிளில் வீட்டுக்கு வரும் வழியில் எனக்கே கொஞ்சம் கூச்சமாக இருந்தது. கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லாமல் கீதையை எடுத்துக் கதவைச் சாத்திவிட்டேன்.

பலனில் பற்று வேண்டாம் என்றால், செய்த வேலை ஏன் பலிக்கவில்லை என்று பார்க்கவே வேண்டாம் என்று ஆகிவிடுமா? பாலம் கட்டி அது விழுந்துவிட்டால், பலனில் எனக்குப் பற்றில்லை என்று ஓர் இன்ஜினியர் சொன்னால் நாம் விடுவோமா? அதே இரண்டாம் அத்தியாயத்தில்தான் செயலில் உள்ள திறமையையும் கண்ணன் யோகம் என்கிறான். அந்த வரியை நாம் கூட்டங்களில் அவ்வளவாகச் சொல்வதில்லை. முதல் வரி நமக்கு வசதியாக இருக்கிறது.

அன்று இரவு உட்கார்ந்து, அவை ஏன் திரும்பி வருகின்றன என்று படித்தேன். முதலில் என் பாடத்துக்குப் பக்கத்தில் இருப்பதைச் சொல்லிவிடுகிறேன். பைலட் திமிங்கிலத்தில் பெரிய ஆண் 3 டன் வரை வரும். கடலில் அந்த எடை அதற்குத் தெரியாது, மிதப்பு விசை தாங்கிக்கொள்ளும். மணலுக்கு வந்த நிமிடத்திலிருந்து அந்த எடை முழுக்க அதன் நெஞ்சிலேயே உட்காருகிறது. நுரையீரல் விரிய முடியாது, தசைகள் நசுங்கும். குளிருக்காக இருக்கிற கொழுப்புப் போர்வை வெயிலில் உடம்பையே வேகவைக்கும். அது மீன் இல்லை, நம்மைப் போல மூச்சு விடுகிற பிராணி. ஆனாலும் கரை அதைக் கொல்கிறது. வாலைப் பிடித்து இழுத்தால் முதுகெலும்பு விலகிப்போகும். ஆக, காப்பாற்றுகிற கையே கொல்லவும் முடியும்.

இதெல்லாம் உடம்பு சம்பந்தப்பட்டது. திரும்பி வருவதற்குக் காரணம் வேறு. பைலட் திமிங்கிலங்கள் தாய்வழிக் குடும்பங்களாக வாழ்கின்றன. ஒன்று நோயில் விழுந்தாலோ வழி தவறினாலோ மற்றவை அதை விட்டுப் போவதில்லை. கூட்டமாகக் கரை ஒதுங்குவதற்கு ஆய்வாளர்கள் சொல்லும் காரணங்களில் இது முக்கியமானது. நல்ல உடம்போடு இருக்கிற ஒன்றை ஆழத்தில் கொண்டுபோய் விட்டால், கரையில் கிடக்கிற தன் ஆளின் குரல் கேட்கும் வரை அது போகாது. நமக்கு அது முட்டாள்தனமாகத் தெரிகிறது. அதற்கு நாம் செய்வதுதான் புரியாது.

நியூசிலாந்தில் இதை அனுபவத்தில் கற்றிருக்கிறார்கள். 2017 பிப்ரவரியில் அங்கே ஃபேர்வெல் ஸ்பிட் என்ற மணல்திட்டில் 400-க்கும் மேற்பட்ட பைலட் திமிங்கிலங்கள் ஒதுங்கின. ஊர்மக்கள் இடுப்பளவு தண்ணீரில் கைகோத்து மனிதச் சங்கிலியாக நின்றார்கள். கடல் பக்கம் தள்ளுவதற்காக மட்டும் இல்லை, விடுபட்டவை கரைக்குத் திரும்பாமல் தடுக்க. அங்கே தொண்டர்களுக்குச் சொல்லித்தருவது இதுதான்: மிதக்கவிட்ட ஒன்றை உடனே அனுப்பாதே, பிடித்து வைத்திரு, மற்றவை வந்து சேரட்டும், சேர்ந்தபிறகு கூட்டமாக விடு. 2020 நவம்பரில் இலங்கையின் பாணந்துறையில் சுமார் 120 ஒதுங்கியபோது, கோவிட் ஊரடங்கு நேரத்திலும், கடற்படையும் ஊர்க்காரர்களும் விடிய விடிய நின்றார்கள். சில செத்தன. பெரும்பாலானவை போய்ச் சேர்ந்தன.

இன்னொன்றையும் படித்தேன். 2015 ஜூலையில் கனடாவின் வடமேற்குக் கரையில் ஓர் ஓர்க்கா, தண்ணீர் வற்றியபோது பாறைமேல் மாட்டிக்கொண்டது. வந்தவர்கள் அதைத் தள்ளவில்லை, இழுக்கவில்லை. போர்வைகளைப் போர்த்தி, பம்பு வைத்துத் தண்ணீர் ஊற்றிக்கொண்டே கிட்டத்தட்ட 8 மணி நேரம் அதன் பக்கத்தில் இருந்தார்கள். தண்ணீர் ஏறியது, அது தானே நீந்திப் போனது. 8 மணி நேரம் பக்கத்தில் இருப்பதும் காப்பாற்றுவதுதான் என்று எனக்கு அதுவரை தோன்றியதில்லை.

இதைப் படித்துக்கொண்டிருந்தபோது எனக்குப் பாட்டி ஞாபகம் வந்துவிட்டது.

அப்பாவின் அம்மா. சுங்கை சிப்புட் பக்கம் ஒரு தோட்டத்தில் முப்பது வருஷத்துக்கு மேல் பால்மரம் சீவியவர். கித்தாவை வெட்டிச் செம்பனை வைத்தார்கள், பிறகு அந்த நிலமும் கைமாறியது. சனமெல்லாம் தாமான்களுக்குப் போய்விட்டது. இன்று அந்த லயத்தில் ஆள் இருப்பது இரண்டு வீட்டில். மழை பெய்தால் மண்ரோட்டில் காரே போகாது. மாரியம்மன் கோயிலில் வெள்ளிக்கிழமை விளக்கு வைப்பது பாட்டிதான்.

நாங்கள் பாட்டியை மூன்று முறை காப்பாற்றினோம். ஈப்போவில் எங்கள் பிளாட்டுக்கு அழைத்து வந்தோம், தனி அறை, ஃபேன், டிவி எல்லாம் வைத்தோம். மூன்று முறையும் பாட்டி திரும்பிப் போய்விட்டார். கடைசி முறை யாரிடமும் சொல்லாமல் மேடான் கிட்டில் பஸ் ஏறி, இறங்கி, மீதி தூரத்தை நடந்தே போயிருக்கிறார். எழுபத்தெட்டு வயசு. அப்பா வெறுத்துப்போய், "இனி நான் கூப்பிட மாட்டேன், அது தலையெழுத்து" என்றார். நானும், கடமையைச் செய்தாச்சு, பலன் நம் கையில் இல்லை என்று அப்பாவுக்கு ஆறுதல் சொன்னேன். அதே கீதைதான்.

பாட்டி காரணத்தை மறைக்கவே இல்லை. ஒவ்வொரு தடவையும் சொல்லியிருக்கிறார். "நான் வந்துட்டா அவளுக்கு யாருடா கஞ்சி ஊத்துறது?" அவள் என்பது பக்கத்து வீட்டுப் பாட்டி. ரெண்டு பேரும் பக்கத்துப் பக்கத்து நிரையில் மரம் வெட்டினவர்கள். ஸ்ட்ரோக் வந்து அந்தப் பாட்டிக்கு வலது பக்கம் விழுந்துவிட்டது. மகன் சிங்கப்பூரில், போன் எடுப்பதில்லை. பாட்டி சொன்னதை நாங்கள் கேட்டோம், ஆனால் சாக்கு என்றே எடுத்துக்கொண்டோம். பழகின இடத்தை விட முடியவில்லை, அதற்கு ஒரு சாக்கு. படித்த ஆட்களுக்கு இது ஒரு வியாதி என்று நினைக்கிறேன். வயசானவர்கள் வாய் திறந்து காரணம் சொன்னாலும், அதற்குப் பின்னால் வேறு காரணம் தேடுவோம்.

மகாபாரதத்தில் அநுசாசன பர்வத்தில் பீஷ்மர் தருமருக்கு ஒரு கிளியின் கதை சொல்கிறார். வேடன் விட்ட விஷ அம்பு குறி தவறி ஒரு பெரிய மரத்தில் பாய்ந்து மரம் பட்டுப்போனது. பறவையெல்லாம் பறந்துவிட, ஒரு கிளி மட்டும் போகவில்லை. இந்திரன் வேஷம் போட்டு வந்து, காட்டில் வேறு மரமா இல்லை என்று கேட்கிறான். இதில்தான் பிறந்தேன், இதுதான் என்னைக் காத்தது, நன்றாக இருந்தபோது இருந்துவிட்டு இப்போது எப்படி விடுவது என்கிறது கிளி. வரம் கேள் என்றபோது, மரம் துளிர்க்கட்டும் என்று மட்டும் கேட்கிறது. நம் முகாம்களில் இதை நன்றியுணர்ச்சிக் கதையாகச் சொல்வோம். நான் இப்போது இந்திரனைத்தான் பார்க்கிறேன். அவனும் முதலில் எங்களைப் போலத்தான் பேசினான். ஆனால் அவன் கிளியைத் தூக்கி வேறு மரத்தில் வைக்கவில்லை. ஏன் போகவில்லை என்று கேட்டான், பதிலை நம்பினான்.

இதற்கு எதிராகவும் ஒன்று சொல்லவேண்டும். இல்லாவிட்டால் நான் அழகாகக் கதை விடுகிறேன் என்பீர்கள். அந்தப் பாசம் திமிங்கிலங்களைக் கொல்கிறது, அது உண்மை. பிழைக்க வழியே இல்லாத திமிங்கிலத்தை நியூசிலாந்து போன்ற இடங்களில் வலியில்லாமல் கொன்றுவிடுவதும் உண்டு. இதைச் சொன்னபோது எங்கள் குழுவில் பெரிய சண்டை. அஹிம்சை பேசுகிற நாம் இதை ஏற்கலாமா என்று பாதிப்பேர், வலியில் கிடக்கவிடுவது மட்டும் அஹிம்சையா என்று மீதிப்பேர். எனக்கு அதில் இன்றுவரை தெளிவு இல்லை. மனுஷனுக்கு அந்த வழி கிடையவே கிடையாது என்பது மட்டும் தெரியும். அதே சமயம், பாட்டி பாசத்தில் இருக்கிறார் என்று கையைக் கட்டிக்கொண்டு நிற்கவும் முடியாது. வருகிற மழைக்காலத்தில் அந்தக் கூரை தாங்காது. கிளியின் மரம் துளிர்த்தது. லயம் துளிர்க்காது.

ஆகவே போன வாரம் அப்பாவிடம் பேசினேன். பாட்டியைக் கூப்பிட வேண்டாம், ரெண்டு பேரையும் கூப்பிடுவோம். அப்பா உடனே கணக்குப் போட்டார்: மூன்றாவது மாடி, லிஃப்ட் இல்லை, அந்தப் பாட்டிக்கு மருந்து, டயப்பர், யார் பார்ப்பது, நாளைக்கு மகன் வந்து கேட்டால் என்ன சொல்வது. எல்லாம் நியாயமான கேள்வி. கருணை என்று பேசுவது எனக்குச் சுலபம், ராத்திரி எழுந்து படுக்கை மாற்றப்போவது அம்மா. அம்மா ஒன்றும் சொல்லவில்லை, சமையலறைக்குள் போய்விட்டார். கொஞ்ச நேரம் கழித்து வந்து, சுங்கை சிப்புட் டவுன் பக்கம் கீழ்வீடு வாடகைக்கு என்ன விலை என்று விசாரிக்கச் சொன்னார். பாட்டி முன்னால் இருந்து பார்த்துக்கொள்ளட்டும், நாம் வாரம் மூன்று நாள் போகலாம் என்றார்.

சனிக்கிழமை நானும் இயக்கத்து நண்பர்கள் இரண்டு பேரும் தோட்டத்துக்குப் போனோம். பாட்டி எப்போதும்போல "பசியாறிட்டியா?" என்றுதான் முதலில் கேட்டார். விஷயத்தைச் சொன்னதும் எழுந்து பக்கத்து வீட்டுக்குப் போய்விட்டார். சுவருக்கு அந்தப் பக்கம் ரெண்டு பேரும் ரொம்ப நேரம் பேசிக்கொண்டிருந்தார்கள், எங்களுக்கு ஒன்றும் கேட்கவில்லை. சும்மா நிற்பதற்கு நான் டேப்பை எடுத்து அந்த வீட்டு வாசற்கதவை அளந்தேன். 61 சென்டிமீட்டர். இரவல் வாங்கி வந்திருந்த சக்கர நாற்காலி 64. கதவுச் சட்டத்தைக் கழற்றினால் போகும், அடுத்த சனிக்கிழமை உளியும் சுத்தியலும் எடுத்துக்கொண்டு போகிறோம். வேன் வைத்திருப்பவர்கள் யாராவது இருந்தால் சொல்லுங்கள்.