ஒரு கையொப்பத்தின் எடை

ஷஅபான் மாதத்தில் மத்ரஸாத் தேர்வுகள் முடிந்ததும், மூத்த மாணவர் சிலரை அழைத்துக்கொண்டு கொடைக்கானல் சென்றிருந்தோம். வத்தலக்குண்டைக் கடந்து மலைப்பாதையில் ஏற ஏற, காப்பித் தோட்டங்களும் மலைவாழைகளும் கீழே நின்றுவிட, பழனி மலைத்தொடரின் குளிர் எம்மை எதிர்கொண்டது. 1899ஆம் ஆண்டில் சென்னையிலிருந்து இம்மலைக்கு மாற்றப்பட்ட சூரிய ஆய்வகத்தைப் பார்த்தோம். நூறாண்டுகளுக்கும் மேலாக, மேகம் மறைக்காத நாட்களிலெல்லாம் இங்கே கதிரவனைப் படம் பிடித்து வைத்திருக்கிறார்கள் என்பதை அறிந்து மாணவர்கள் வியந்தனர்.

அஸர் தொழுகைக்குப் பின் ஏரிக்கரையில் அமர்ந்திருந்தபோது, பிள்ளைகள் தமக்குள் பொது அறிவு வினாக்களைக் கேட்டு விளையாடினர். 'இந்தியாவின் முதல் குடியரசுத் தலைவர் யார்?' என்றான் ஒருவன். 'டாக்டர் இராஜேந்திர பிரசாத்' என்றான் மற்றவன். 'அவர் என்ன செய்தார்?' என்று மூன்றாமவன் கேட்கவும், விடை சொன்னவன் சிறிது தயங்கிவிட்டு, 'கையெழுத்துப் போட்டார்' என்றான். எல்லாரும் சிரித்தனர். பிறகு அவன் எம் பக்கம் திரும்பி, 'ஹஜ்ரத்! பிரதமரும் மந்திரிகளும் முடிவு செய்துவிட்டதில் கையெழுத்துப் போடுவதற்கு ஒரு பெரிய மனிதர் எதற்கு?' என்று கேட்டான்.

கேள்வி விளையாட்டாகப் பிறந்ததுதான். எனினும் எம்மால் அன்று சிரிக்க இயலவில்லை. அதன் காரணத்தைப் பின்னர்ச் சொல்வோம். முதலில் அம்மனிதரைப் பற்றிச் சிறிது காண்போம்.

1884 டிசம்பர் 3ஆம் நாள் பீகாரில் ஜீராதேயி என்னும் சிற்றூரில் பிறந்தவர் இராஜேந்திர பிரசாத். ஐந்து வயதில் அவருடைய கல்வி ஒரு மௌலவியிடம், பாரசீக மொழியில் தொடங்கிற்று. 1902இல் கல்கத்தாப் பல்கலைக்கழக நுழைவுத் தேர்வில் முதல் மாணவராகத் தேறினார். சட்டம் பயின்று வழக்கறிஞரானார். 1917இல் சம்பாரணில் அவுரி பயிரிட்ட ஏழை உழவரின் துயரைக் கேட்டறியக் காந்தியடிகள் வந்தபோது, உடனிருந்து உழைத்தவர்களுள் அவரும் ஒருவர். சில ஆண்டுகளில் வருவாய் மிகுந்த தம் தொழிலையே துறந்தார். 1934 ஜனவரி 15ஆம் நாள் பீகாரைக் குலைத்த நிலநடுக்கத்தின்போது, சிறையினின்று விடுதலையான கையோடு, நலிந்த உடலுடன் துயர் துடைக்கும் பணியை ஏற்று நடத்தினார்.

1946 டிசம்பர் 11ஆம் நாள் அரசியல் நிர்ணய சபை அவரைத் தன் தலைவராகத் தேர்ந்தெடுத்தது. 1950 ஜனவரி 24ஆம் நாள் உறுப்பினர்கள் அரசியல் சட்டத்தின் மூலப்பிரதியில் கையொப்பமிட்டனர். அப்பிரதியைப் பார்ப்போர் ஒரு புதுமையைக் காணலாம். சபைத் தலைவரின் கையொப்பம், ஜவஹர்லால் நேருவின் கையொப்பத்திற்கு மேலே எஞ்சிய குறுகிய இடத்தில், சாய்வாக அமைந்திருக்கிறது. இடம் குறைவாக இருந்ததைப் பொருட்படுத்தாமல், கிடைத்த இடத்தில் தம் பெயரை எழுதிச் சென்றிருக்கிறார் அவர்.

1950 ஜனவரி 26ஆம் நாள் முதல் 1962 மே 13ஆம் நாள் வரை, பன்னிரண்டு ஆண்டுகளுக்கு மேல் அவர் குடியரசுத் தலைவராக இருந்தார். இரண்டு முழுப் பதவிக்காலங்கள் அப்பொறுப்பில் இருந்தவர் இன்றுவரை அவர் ஒருவரே. மாதச் சம்பளமாகச் சட்டம் வகுத்தது 10,000 ரூபாய். அதில் ஒரு பகுதியைத் தாமாகவே விட்டுக்கொடுத்தார்.

இவையெல்லாம் நற்குணங்கள் என்பதில் ஐயமில்லை. ஆனால் மாணவனின் கேள்விக்கு இவை விடையாகா. எளிமையாக வாழ்வதற்கு ஒருவர் குடியரசுத் தலைவராக வேண்டுவதில்லை அன்றோ? அவன் கேட்டது அந்தக் கையொப்பத்தைப் பற்றி.

நமது அரசியல் சட்டத்தின் 53ஆம் பிரிவு, நாட்டின் ஆட்சி அதிகாரம் குடியரசுத் தலைவரிடம் இருப்பதாகக் கூறுகிறது. 74ஆம் பிரிவோ, அவருக்கு ஆலோசனை கூற அமைச்சரவை ஒன்று இருக்கும் என்கிறது. அந்த ஆலோசனை அவரைக் கட்டுப்படுத்துமா என்பதை அன்றைய சட்டம் வெளிப்படையாகச் சொல்லவில்லை. முன்மாதிரி என்று காட்டுவதற்கும் எவரும் இல்லை, அவர்தாம் முதல்வர்! அவர் எந்தப் பாதையில் நடந்தாலும் அதுவே பின்வருவோருக்கு வழியாகும் நிலை.

சோதனை விரைவிலேயே வந்தது. இந்துக்களின் திருமணம், வாரிசுரிமை முதலியவற்றைச் சீர்திருத்தும் மசோதாவை அவர் மனம் ஏற்கவில்லை. 1951இல் பிரதமர் நேருவுக்குத் தம் எதிர்ப்பை எழுத்திலேயே தெரிவித்தார். இவ்விஷயத்தில் தம் சொந்த முடிவின்படி நடக்க விரும்புவதாகவும் எழுதினார். தலைமை வழக்கறிஞர் சீதல்வாடும், சென்னைச் சட்ட மேதை அல்லாடி கிருஷ்ணசாமி ஐயரும், அமைச்சரவையின் ஆலோசனைக்கு அவர் கட்டுப்பட்டவரே என்று கருத்துரைத்தனர். பின்னர் 1955இல் இந்துத் திருமணச் சட்டமும், 1956இல் இந்து வாரிசுரிமைச் சட்டமும் நாடாளுமன்றத்தில் நிறைவேறி அவரிடம் வந்தபோது, அவற்றில் கையொப்பமிட்டார்.

ஒன்றை இங்கே ஒளிக்காமல் சொல்லியாக வேண்டும். அந்த வாதத்தில் எம் உள்ளம் அவர் பக்கம் இல்லை. மகளுக்கும் சொத்தில் பங்குண்டு என்பதைப் பதினான்கு நூற்றாண்டுகளாக ஓதிவரும் நாம், அந்த உரிமையை வேறொரு சமுதாயத்துப் பெண்களுக்கு வழங்க வந்த சட்டத்தை எதிர்த்தவரோடு உடன்பட முடியாது. ஆனால் அதனாலேயே அந்தக் கையொப்பம் எம் கண்ணுக்குப் பெரிதாகத் தெரிகிறது. தாம் விரும்பிய சட்டத்திற்குக் கையொப்பமிடுவது எவருக்கும் எளிது. தமக்கு உவப்பில்லாததைத் தம் கையாலேயே சட்டமாக்குவது எத்தனை பேரால் இயலும்?

'மனத்தில் ஒன்று, கையில் ஒன்று. இது நயவஞ்சகம் ஆகாதா?' என்று நம்மவர் கேட்கக்கூடும். ஆகாது. நயவஞ்சகன் தன் உள்ளத்தை மறைப்பவன். இவரோ மறைக்கவில்லை. 1951இல் சோமநாதபுரம் ஆலய விழாவுக்கு நேருவின் விருப்பத்தை மீறிச் சென்றவர் அவர். தம் கருத்தைச் சொல்ல அஞ்சியவர் அல்லர். 1960 நவம்பரில் டில்லியில் இந்தியச் சட்டக் கழகத்தின் விழாவிலும், குடியரசுத் தலைவரின் அதிகாரம் எத்தகையது என்பதை அறிஞர்கள் ஆராய வேண்டும் என வெளிப்படையாகவே கேட்டுக்கொண்டார். சொல்ல வேண்டியதைச் சொன்னார். கேட்க வேண்டியதைக் கேட்டார். அதன் பின்னர், அந்தப் பதவி தமக்குச் சொந்தமன்று, ஒப்படைக்கப்பட்ட அமானிதம் என்று நடந்துகொண்டார்.

நம் கல்வி மரபிலிருந்து ஓர் எடுத்துக்காட்டைத் தரலாம். வணிகம் பேசி முடித்த இருவரும் பிரிந்து செல்லும் வரை அதனை முறித்துக்கொள்ள உரிமையுடையவர்கள் என்னும் கருத்துடைய நபிமொழியை, இமாம் மாலிக் (ரஹ்) அவர்கள் தம் முவத்தாவில் பதிவு செய்திருக்கிறார்கள். ஆனால் அவர்களின் சட்ட முடிவு அதன்படி அமையவில்லை. தம் முடிவுக்கு மாறானது என்பதற்காக அதனை அவர்கள் மறைத்தார்களா? இல்லை. தாம் கேட்டதை உள்ளபடியே அறிவித்தார்கள். தம் கருத்தைத் தனியே சொன்னார்கள். அறிவிப்பாளரின் நாணயம் என்பது இதுவே. அமானத்தும் ஈமானும் அரபு மொழியில் ஒரே வேரிலிருந்து கிளைத்த சொற்கள் என்பதை நம் பிள்ளைகள் முதல் ஆண்டிலேயே படிக்கிறார்கள். படித்தால் போதுமா?

எனினும் இதற்கு ஓர் எல்லை உண்டு. பாவம் என்று திட்டமாகத் தெரிந்த ஒன்றைச் செய்யுமாறு எவர் ஏவினாலும் கட்டுப்படலாகாது என்பது நம் மார்க்கத்தின் மாறாத விதி. அத்தகைய நிலையில் நேர்மையாளனுக்குரிய வழி பதவியை விட்டு வெளியேறுவதே. அதே மசோதா 1951இல் கைவிடப்பட்டபோது, அதற்காக உழைத்த சட்ட அமைச்சர் டாக்டர் அம்பேத்கர் பதவியைத் துறந்தார். அவர் விலகியதற்கு அது ஒரு முக்கியக் காரணம். ஒருவர் வெளியேறினார், ஒருவர் கையொப்பமிட்டார். கருத்தால் எதிரெதிரான அவ்விருவருமே தாம் இருந்த பதவிக்குத் துரோகம் செய்யவில்லை. நாற்காலியிலும் அமர்ந்துகொண்டு, அந்த நாற்காலிக்குரிய கடமையையும் முடக்குகின்ற மூன்றாவது வழி ஒன்று உண்டு. அதுவே இழிந்த வழி.

கேளாமல் இடும் கையொப்பத்தின் விலையையும் இந்நாடு கண்டிருக்கிறது. 1975 ஜூன் 25ஆம் நாள் இரவு, அமைச்சரவை கூடி முடிவெடுக்கும் முன்னரே, பிரதமரின் ஆலோசனையை ஏற்று நெருக்கடி நிலைப் பிரகடனத்தில் அன்றைய குடியரசுத் தலைவர் பக்ருதீன் அலீ அஹ்மத் கையொப்பமிட்டார். அமைச்சர்கள் மறுநாள் காலையில்தான் அறிந்தனர். அவர் நம் சமுதாயத்தவர் என்பதால் இதனைச் சொல்லாமல் விடுவது நீதியாகாது. 1976இல் வந்த 42ஆவது திருத்தம், அமைச்சரவையின் ஆலோசனைக்குக் குடியரசுத் தலைவர் கட்டுப்பட்டவர் என்று எழுதி வைத்தது. 1978இன் 44ஆவது திருத்தமோ, மறு ஆய்வுக்காக ஒருமுறை திருப்பியனுப்பும் உரிமையை அவருக்குத் தந்தது. நெருக்கடி நிலைக்கு அமைச்சரவையின் முடிவு எழுத்தில் இருக்க வேண்டும் என்றும் விதித்தது. 'கட்டுப்படு, ஆனால் கட்டுப்படுமுன் கேள்' என்பதே இவற்றின் சாரம். முதல் தலைவர் சட்டம் சொல்லாமலே கடைப்பிடித்ததை, கால் நூற்றாண்டுக்குப் பின் சட்டம் எழுதிக்கொண்டது எனலாம்.

இனி, எம்மால் சிரிக்க முடியாமற்போன காரணத்தைச் சொல்வோம். பல ஆண்டுகளுக்கு முன்னர் நாம் பொறுப்பேற்றிருந்த ஒரு மத்ரஸாவில், பெண்பிள்ளைகளுக்கு மாலை வகுப்புத் தொடங்குவதென நிர்வாகத்தார் கூடி முடிவெடுத்தனர். எமக்கு அதில் விருப்பமில்லை. ஆயினும் கூட்டத்தில் வாய் திறக்கவில்லை. பெரியவர்கள் முன்னிலையில் மறுத்துப் பேசக் கூசினோம். பின்னர் எம் கையொப்பத்திற்கு வந்த தாளை, இடமில்லை என்றும், ஆசிரியை கிடைக்கவில்லை என்றும் காரணம் கூறி மாதக்கணக்கில் பெட்டியிலேயே வைத்திருந்தோம். ஓராண்டு வீணாயிற்று. மறு ஆண்டு வகுப்புத் தொடங்கியபோது, முதலில் பெயர் கொடுத்திருந்த பிள்ளைகளுள் சிலருக்குத் திருமணம் முடிந்திருந்தது. அவர்கள் இழந்த கல்வியை எம்மால் திருப்பித்தர இயலுமா? பேச வேண்டிய இடத்தில் மௌனம். கையொப்பமிட வேண்டிய இடத்தில் பிடிவாதம். இராஜேந்திர பிரசாத் செய்ததற்கு நேர்மாறாக நாம் செய்தோம். வல்ல இறைவன் எம்மை மன்னிப்பானாக!

அவர் வெளியேறிய விதத்தையும் எண்ணிப்பார்க்க வேண்டும். 340 அறைகள் கொண்ட மாளிகையை விட்டு, பாட்னாவில் சதாக்கத் ஆசிரமத்திற்குத் திரும்பினார். ஒத்துழையாமை இயக்கக் காலத்தில் மௌலானா மஸ்ஹருல் ஹக் நிறுவிய இடம் அது. 'சதாக்கத்' என்பதற்கு உருதுவில் வாய்மை என்று பொருள்; அரபியிலோ அதே சொல் நட்பைக் குறிக்கும். மெய் பேசுபவனே நண்பன் என்று அந்தச் சொல்லே சொல்லுகிறது போலும்! அங்குச் சில மாதங்கள் வாழ்ந்து, 1963 பிப்ரவரி 28ஆம் நாள் மறைந்தார்.

அன்று மாலை ஏரிக்கரையிலிருந்து திரும்புகையில், பாதையோரக் குறிஞ்சிப் புதர்களைப் பிள்ளைகளுக்குக் காட்டினோம். 2018இல் இம்மலைச் சரிவுகளில் பூத்த குறிஞ்சி, இனி 2030இல்தான் பூக்கும். பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை பூத்து, விதையை மண்ணில் உதிர்த்துவிட்டுச் செடி மடிந்துபோகும். அடுத்த தலைமுறைச் செடிகள் அவ்விடத்தில் முளைத்தெழும். கேள்வி கேட்ட மாணவனை அருகழைத்துச் சொன்னோம்: 'தம்பி! காலையில் பார்த்தாயே, அந்த ஆய்வகத்தில் நூறாண்டுகளாகப் படமெடுத்தவர்கள் தாம் விரும்பிய சூரியனை எடுக்கவில்லை. அன்றன்று இருந்த சூரியனையே எடுத்தார்கள். அதனால்தான் அப்படங்களை உலகம் நம்புகிறது. கையெழுத்தும் அப்படித்தான்.'

நம் குடும்பங்களிலும் கையொப்பத்திற்குக் காத்திருக்கும் தாள்கள் பல உண்டு: ஜமாஅத்தின் தீர்மானப் புத்தகம், வக்ஃபுக் கணக்கு, அநாதைப் பிள்ளையின் சொத்துப் பத்திரம், சகோதரியின் பாகப்பிரிவினை. அவற்றின் முன் அமரும்போது, சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டோமா என்று முதலில் நெஞ்சைக் கேட்போம். சொல்லிவிட்டோமெனில், பிறருக்குரியதை நம் பேனாவில் தடுத்து வைக்காதிருப்போம். அமானிதத்தை அதற்குரியவரிடம் ஒப்படைக்கும் நல்லருளை அல்லாஹ் நம் அனைவருக்கும் வழங்குவானாக! ஆமீன்.