சதுப்பில் தெரியும் முகங்கள்

பகைவனாய் மடிந்தவனுக்கும் நம் இரக்கம் உரியதோ? ஆங்கில ஆசிரியர் டோல்கீன் 1954-இல் வெளியிடத் தொடங்கிய ‘தி லார்ட் ஆப் தி ரிங்ஸ்’ என்னும் கற்பனைக் கதையில் வரும் ‘இறந்தோர் சதுப்பு’ இவ்வினாவை நம்முன் நிறுத்துகின்றது. பண்டைப் பெரும்போரில் மாண்டோரின் புதைகுழிகளைக் காலப்போக்கில் சதுப்பு விழுங்கிவிட்டது. இரவில் நீர்மேல் மெழுகுவர்த்திச் சுடர்போல் ஒளிகள் அசையும். அடியில் முகங்கள் தெரியும். அறத்தின் பக்கம் நின்ற எல்ப்களும் மனிதரும், தீயோன் ஏவிய ஓர்க்குகளும் ஒருங்கே கிடக்கின்றனர். அழகிய முகமும் கொடிய முகமும் ஒருபடியே அழுகியுள்ளன. ஒளியை நாடி மயங்கிச் செல்வோன் தானும் அங்கோர் விளக்காகிவிடுவானாம்.

இதனை வெறும் மாயக்கதை எனத் தள்ளுதற்கில்லை. 1916-இல் பிரான்சு நாட்டுச் சோம் போர்க்களத்தில் டோல்கீன் சமிக்ஞை அதிகாரியாய்ப் பணியாற்றினார். அப்போரின் முதல் நாளிலேயே பிரிட்டிஷ் படையினர் ஏறத்தாழ 19,000 பேர் மாண்டனர். அப்போருக்குப் பிந்திய வட பிரான்சுக்குத் தம் சதுப்பு ஓரளவு கடன்பட்டது என அவரே பிற்காலக் கடிதமொன்றில் ஒப்பினார்.

அறமும் மறமும் ஒன்றே என்பதன்று நம் கருத்து. அது சோம்பலான சமாதானம். ஓர்க்கு செய்தது கொடுமையே. எனினும், கொடுமையை வெறுப்பதற்கு அவன் அழுகுவதைக் கண்டு மகிழவும் வேண்டுமோ? வேண்டியதில்லை என்றே நாம் எண்ணுகின்றோம்.

மற்றோர் இடரும் உண்டு. அம்முகங்களைத் தொட முன்பு முயன்றதாகவும், அவை எட்டவில்லை என்றும் வழிகாட்டி கோல்லம் கூறுகின்றான். எட்டாததைப் பற்ற விழையும் துயரம் இரக்கமன்று. ப்ரோடோவும் ஒளிகளைப் பார்த்தபடி நின்றுவிடுகின்றான். அவன் கைகளிலிருந்து நீரும் சேறும் சொட்டுகின்றன. தோழன் சாம் அழைத்த பின்னரே அவன் நகர்கின்றான்.