பூட்டிய பாறை யாருடையது?

கொடைக்கானல் மலையில் ஒரு பாறை இருக்கிறது. நாங்கள் ஐந்து பெண்கள் கயிறும் கொக்கிகளுமாகப் போய் அதில் ஏறுவது வழக்கம். ஒருநாள் வழியில் புதிதாக ஒரு வேலி. காவலுக்கு நின்றவர் மரியாதையாகத்தான் பேசினார். "உங்க பாதுகாப்புக்குத்தாம்மா. கூட ஆம்பளைங்க யாரும் வரலையா?"

முதல் வாக்கியத்தை என்னால் முழுதாக மறுக்க முடியவில்லை. இரண்டாவதை ஏற்க முடியவில்லை. இரண்டும் ஒன்றாகவே வருவதுதான் சிக்கல்.

2018 மார்ச் 11 அன்று தேனி மாவட்டம் குரங்கணியில் காட்டுத்தீயில் சிக்கி இருபதுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். மகளிர் தினத்தையொட்டிச் சென்னையிலிருந்து போன குழுவில் பெரும்பாலோர் பெண்கள். தீ எப்படிப் பரவியது, எச்சரிக்கை ஏன் போய்ச் சேரவில்லை என்பவை கேட்கப்பட வேண்டிய கேள்விகள். என் வீட்டில் எழுந்த கேள்வி வேறு: "பொம்பளப் புள்ளைங்களுக்கு மலையில என்ன வேலை?" சில காலம் மலையேற்றத்துக்குத் தடை இருந்தது. பிறகு விதிகள் வந்தன. 2024இல் அரசே 40 தடங்களைக் கட்டணத்தோடும் வழிகாட்டிகளோடும் திறந்தது.

பாதுகாப்பு நமக்குப் பழகிய சொல். விடுதிக் கதவு மாலையிலேயே மூடப்படுவதும் அதன் பெயரால்தான். ஆபத்தைக் குறைப்பது கடினம். பெண்ணை உள்ளே வைப்பது எளிது.

அதனால் நாங்களும் குழுவாகச் சேர்ந்து மனு எழுத முடிவுசெய்தோம். அமெரிக்காவில் பாறை ஏறுபவர்களுக்காக 'ஆக்சஸ் ஃபண்ட்' என்ற அமைப்பு 1991 முதல் இயங்குகிறது. நில உரிமையாளர்களோடு பேசுவது, பாதையைச் செப்பனிடுவது, தேவைப்பட்டால் நிலத்தையே வாங்குவது என்று அதன் வேலை நீளும். அதை மனதில் வைத்து, "எங்கள் பாறையை எங்களுக்குத் திறந்துவிடுங்கள்" என்று எழுதினேன். இரண்டு முறை 'எங்கள்'.

அந்தப் பாறைக்குக் கீழே கிழங்கு எடுக்க வரும் பளியர் மூதாட்டியிடம் இதைச் சொன்னேன். சிரித்தார். "நீ வெளையாட வர்ற பாப்பா. நாங்க சோத்துக்கு வர்றோம். வேலி ரெண்டு பேருக்கும் ஒண்ணுதான்."

2006ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம் அவர் பக்கம் நிற்கிறது. காட்டின் சிறு விளைபொருள்களைச் சேகரிக்கும் உரிமையை அது ஏற்கிறது. மணமானவர்களுக்கு நில உரிமை இருவர் பெயரிலும் தரப்பட வேண்டும் என்கிறது. கிராம அளவில் அமையும் வன உரிமைக் குழுவில் மூன்றில் ஒரு பங்காவது பெண்கள் இருக்க வேண்டும் என்கின்றன விதிகள். காட்டைக் காக்கும் அதிகாரத்தையும் கிராம சபைக்கே தருகிறது. அதாவது, எங்கே வேலி வேண்டும், எங்கே வேண்டாம் என்ற பேச்சில் அந்த மூதாட்டிக்கு இடம் உண்டு. என் மனுவில்தான் அவர் இல்லை.

எல்லா வேலியும் தவறு என்று நான் சொல்லவில்லை. சோலைக்காட்டுக்கு ஓய்வு தேவை. 2013இல் இங்கே வனவிலங்கு சரணாலயம் அறிவிக்கப்பட்டதற்குக் காரணங்கள் உண்டு. அமெரிக்காவின் டெவில்ஸ் டவர் பாறை பல பழங்குடிகளுக்குப் புனிதமானது. அங்கே அவர்கள் சடங்குகள் நடக்கும் ஜூன் மாதத்தில் ஏற வேண்டாம் என்று 1995 முதல் கேட்டுக்கொள்கிறார்கள். தடை இல்லை, வேண்டுகோள்தான். பலர் அதை மதித்து ஒதுங்குகிறார்கள்.

இந்த ஒதுங்கல் எனக்குப் பிடித்திருக்கிறது. பூட்டிவைக்கப்பட்டவள் ஒதுங்கினாள் என்று யாரும் சொல்வதில்லை. போக முடிகிறவள் போகாமல் இருக்கும்போதுதான் அது அறமாகிறது. பெண்ணிடமிருந்து போகும் உரிமையைப் பறிப்பவர்கள், விட்டுக்கொடுக்கும் வாய்ப்பையும் சேர்த்தே பறிக்கிறார்கள்.

மனுவைத் திருத்தினோம். பாறையைத் திறக்கச் சொல்லும் வரி இன்னும் இருக்கிறது. எந்த மாதங்களில், யாருக்கு, எதற்காக என்பதைக் கிராம சபையில் பெண்களும் உட்கார்ந்து முடிவுசெய்ய வேண்டும் என்ற வரி அதற்கு மேலே ஏறியிருக்கிறது. அவர்கள் எங்களை வரவேண்டாம் என்று சொல்லக்கூடும். சொன்னால் கயிற்றைச் சுருட்டிக்கொண்டு வேறு பாறை தேடுவோம். கூட ஆண்கள் வருகிறார்களா என்று அங்கே யாரும் கேட்கக்கூடாது, அவ்வளவுதான்.