நல்ல எண்ணம் மட்டும் போதுமா?

சில ஆண்டுகளுக்கு முன் நாம் பணியாற்றிய கடலோரப் பங்கு ஒன்றில், ஆலயத்திற்குக் கிழக்கே பழைய குளம் ஒன்று இருந்தது. மண் மேடிட்டு, நடுவில் மட்டும் சிறிது ஆழத்துடன் கிடந்த குளம் அது. கோடையில் பாதிக்கு மேல் வறண்டு, வெடித்த சேறாகக் காட்சி தரும். பங்கு மக்களைக் கூட்டி, நன்கொடை திரட்டி, மண் அள்ளும் இயந்திரம் வைத்து அதை ஆழப்படுத்தினோம். கரைகளைச் செங்குத்தாக வெட்டி உயர்த்தினோம். அடுத்த மழையில் குளம் கரைமுட்ட நிறைந்தது. நன்றித் திருப்பலியும் நிறைவேற்றினோம்.

மார்கழியில் ஒரு நாள் முதியவர் ஒருவர் நம்மிடம் வந்தார். “சாமி, குளம் நல்லாத்தான் இருக்கு. ஆனா இந்த வருசம் சிறகி ஒண்ணுகூட எறங்கலையே, கவனிச்சீங்களா?” என்றார். ஆண்டுதோறும் வடக்கேயிருந்து வந்து அக்குளத்தில் தங்கிச் செல்லும் காட்டு வாத்துகளையே அவர் குறிப்பிட்டார். “தண்ணீர் முன்பைவிட அதிகமாகத்தானே இருக்கிறது, ஐயா?” என்றோம். “அதுதான் சாமி காரணம். அதுக்கு மூக்கு சேத்துல எட்டணும்ல?” என்றார் அவர்.

அந்தச் சொல் நெடுநாள் நம் உள்ளத்தை உறுத்தியது. தீமை செய்ய நாம் எண்ணவில்லை. நன்மை செய்யவே எண்ணினோம். ஆயினும் நெடுந்தொலைவு பறந்து வந்த ஓர் உயிருக்கு, நம் நற்செயல் கதவடைப்பாகிவிட்டது. செயலின் தன்மையை எண்ணம் ஒன்றே முடிவு செய்துவிடுமா? அறியாமல் செய்த தவறுக்குப் பொறுப்பில்லை என்று ஒதுங்கிவிடலாமா? அறிந்துகொள்ள முயலாததும் ஒரு தவறு அன்றோ?

வாத்து நீரில் மிதப்பது. எனவே நீர் மிகுந்தால் அதற்கு நலம் என்று எண்ணுவது இயல்பே. ஆனால் ஊசிவால் வாத்து, நீலச்சிறகி போன்றவை ஆழத்தில் மூழ்கி இரை தேடுபவை அல்ல. தலையை நீருக்குள் கவிழ்த்து, வாலை வானோக்கி நிறுத்தி, அடிச்சேற்றில் கிடக்கும் விதைகளையும் சிற்றுயிர்களையும் அலகால் துழாவி உண்பவை. ஒரு சாண் ஆழம் அவற்றிற்கு ஏற்றது. கழுத்து நீண்ட ஊசிவால் வாத்துக்கு இரண்டு சாண் வரை எட்டும். அதற்கும் கீழே எவ்வளவு உணவு கிடந்தாலும் அவற்றைப் பொறுத்தவரை அது இல்லாததே.

அந்த உணவு விளைவதும் நீர் வற்றும் காலத்தில்தான். வெளிப்படும் சேற்றில் புல்லும் கோரையும் முளைத்து விதை சிந்துகின்றன. மீண்டும் நீர் பரவும்போது, மட்கும் தண்டுகளில் புழுக்களும் பூச்சிகளும் பெருகுகின்றன. வடபுலத்திலிருந்து இளைத்து வந்த பறவை அவற்றை உண்டு, பங்குனியில் திரும்பிப் பறப்பதற்கான வலிமையைச் சேர்த்துக்கொள்கிறது. நாம் அவலம் என்று கருதிய அந்த வெடித்த சேறு பறவைகளின் விளைநிலமாக இருந்திருக்கிறது!

இவ்வுண்மையைப் பேரளவில் நமக்குக் காட்டுவது ஒடிசா மாநிலத்தின் சிலிகா ஏரி. ஒருபுறம் மகாநதியின் கிளைகள் நன்னீரைக் கொணர, மறுபுறம் வங்கக் கடல் உவர்நீரைத் தருகிறது. மழைக்காலத்தில் ஏறத்தாழ 1,165 சதுர கிலோமீட்டர் பரந்து, கோடையில் வெகுவாகச் சுருங்கும் ஏரி அது. அதன் நடுவிலுள்ள நளபானா தீவு மழைக்காலத்தில் நீரில் மறைந்து, குளிர்காலத்தில் நீர் வடிய வடியச் சேற்றுத் திட்டாக வெளிப்படுகிறது. வாத்துகள் பெருங்கூட்டமாக இறங்குவது அங்கேதான்.

1981ஆம் ஆண்டில் ராம்சர் உடன்படிக்கையின்கீழ் சிலிகா உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலமாக அறிவிக்கப்பட்டது. ஆனால் ஆறுகள் கொணர்ந்த வண்டல் கடலோடு இணைக்கும் வாய்க்காலைத் தூர்த்தது. உவர்ப்புக் குறைந்தது, நன்னீர்க் களைகள் படர்ந்தன, மீன்வளம் வீழ்ந்தது. 1993இல் சீரழிந்துவரும் ஈரநிலங்களின் பட்டியலில் சிலிகாவும் சேர்க்கப்பட்டது. ஆய்வுகளுக்குப் பின், 2000 செப்டம்பரில் மணல்திட்டை வெட்டிக் கடலுக்குப் புதிய முகத்துவாரம் திறந்தனர். உவர்ப்பு மீண்டது, களை குறைந்தது, மீன்பாடு பல மடங்கு உயர்ந்தது. 2002இல் சிலிகா அப்பட்டியலிலிருந்து நீக்கப்பட்டது.

அங்கும் மண்ணை வெட்டினர். நாமும் மண்ணை வெட்டினோம். வேறுபாடு எங்கே? அவர்கள் ஏரியின் இயல்பை முதலில் கேட்டறிந்தனர். நாமோ நம் விருப்பத்தைக் குளத்தின்மேல் ஏற்றினோம். புனித அக்குவினா தோமையார் முன்மதியை மற்ற அறநெறிப் பண்புகளை வழிநடத்தும் பண்பாகக் கருதினார். முன்மதி அற்ற அன்பு, பசித்தவனுக்கு எட்டாத உயரத்தில் வைக்கப்பட்ட உணவு போன்றது.

‘மனிதர் பசித்திருக்க, வாத்துக்கு இத்தனை கவலையா?’ என்று சிலர் வினவலாம். நேர்மையான வினா. சிலிகாவின் கரையிலுள்ள மங்களஜோடி என்னும் சிற்றூரில் பலர் பறவைகளைப் பிடித்து விற்றே பிழைத்தனர். ஏறத்தாழ 2000ஆம் ஆண்டு முதல், அவர்களே குழுவாக இணைந்து பறவைகளுக்குக் காவலராயினர். இன்று படகில் விருந்தினரை அழைத்துச் சென்று பறவைகளைக் காட்டி வாழ்வோர் அங்கு உள்ளனர். வேட்டையில் கற்ற அறிவே காவலுக்குத் துணையாயிற்று. அவர்களைத் திட்டியதால் இம்மாற்றம் வந்துவிடவில்லை; மாற்றுப் பிழைப்பும் மதிப்பும் வேண்டியிருந்தன.

எல்லா நலன்களும் எப்போதும் இவ்வாறு இணங்கிவிடுவதில்லை என்பதும் உண்மை. ஆழமற்ற நீர்ப்பரப்பை வளைத்து இறால் வளர்ப்போர் பெறும் ஆதாயம், ஏழை மீனவரின் வலைக்கும் பறவையின் இரைக்கும் இழப்பாகிறது. நம் தமிழகத்துக் காந்தியவாதி எஸ். ஜெகந்நாதன் தொடுத்த வழக்கில், 1996 டிசம்பரில் உச்ச நீதிமன்றம், சிலிகா, பழவேற்காடு ஏரிகளிலிருந்து 1,000 மீட்டருக்குள் வணிக இறால் பண்ணைகள் கூடாது எனத் தீர்ப்பளித்தது. அதன் பின்னரும் சிலிகாவில் வளைப்புகள் முளைத்ததும் அகற்றப்பட்டதும் உண்டு. பறவைக்கும் ஏழைக்கும் எதிரி பல வேளைகளில் ஒருவரே: அளவறியாத ஆசை.

முதியவரின் சொல்லைப் பங்குப் பேரவையில் எடுத்துரைத்து, நம் தவற்றையும் ஒப்புக்கொண்டோம். சிலர் சிரித்தனர், சிலர் செலவை எண்ணித் தயங்கினர். இறுதியில் குடிநீருக்கும் கால்நடைக்கும் வேண்டிய ஆழத்தை அப்படியே விட்டு, வடகரையை மட்டும் சரிவாக வெட்டிவிட இசைந்தனர். இப்போது மழைக்காலத்தில் அங்கே ஒரு சாண் நீர் பரவுகிறது. கோடையில் சேறு வெளிப்படுகிறது. கோரை முளைத்து விதை சிந்தத் தொடங்கியிருப்பதாக அண்மையில் அவ்வூருக்குச் சென்றபோது அந்த முதியவர் சொன்னார்.

சிறகிகள் இன்னும் வரவில்லை. வரும் என்று உறுதி கூறவும் நம்மால் இயலாது. காட்டு உயிரை அழைக்கும் அதிகாரம் நமக்கு இல்லை; அது வந்தால் இரை எட்டும் வகையில் இடத்தை வைத்திருக்கும் கடமை மட்டுமே நமக்கு உண்டு. அக்கடமையை இவ்வளவு காலம் தாழ்த்தியேனும் செய்யத் தொடங்கியுள்ளோம்.