இரண்டு பக்கமும் எக்ஸ்

‘அந்தப் பக்கம் போனால் குறி மாறும்.’ முப்பத்தோரு வருஷம் எட்டாம் வகுப்புக்கு இதைத்தான் சொல்லிக்கொடுத்தேன். ஏன் மாறுகிறது என்று ஒரு பிள்ளையும் கேட்டதில்லை. மந்திரத்துக்கு அர்த்தம் யார் கேட்பார்கள்?

ஓய்வுக்குப் பிறகு, அச்சரப்பாக்கத்தில் என் வீட்டுத் திண்ணை டியூஷனில் ஒரு பெண் கேட்டாள். பலகையில் 6 எக்ஸ் + 300 = 10 எக்ஸ் − 100. பாஸ்கராச்சாரியாரின் பீஜகணிதத்தில், 1150-ஐ ஒட்டி எழுதப்பட்ட கணக்கு. ஒருவனிடம் ஆறு குதிரையும் 300 காசும். இன்னொருவனிடம் பத்துக் குதிரை, ஆனால் நூறு கடன். சொத்து சமம். குதிரை என்ன விலை? (குதிரைக்கு இங்கே எங்கே போவது, ஆடு என்று மாற்றிவிட்டேன்.)

“விலையே தெரியாத ஆட்டை இவர்கிட்டேர்ந்து அவர்கிட்ட எப்படி சார் மாத்துவீங்க?”

மாற்றவேயில்லை. இரண்டு பேரிடமிருந்தும் ஆறாறு ஆட்டை ஓட்டிவிடு. இருவருக்கும் நூறு நூறு கொடு, கடன் தீரும். நாலு ஆடு 400, ஒன்று 100. சொல்லும்போதுதான் எனக்கே உறைத்தது: எதுவும் பக்கம் தாண்டவில்லை. இந்த மாதிரிக் கணக்குக்கான விதியை ஆரியபட்டர் 499-லேயே ஒரே சுலோகத்தில் அடக்கிவிட்டார்.

அந்த விலை மாதிரி தெரியாத அளவை பாஸ்கரர் அவ்யக்தம் என்கிறார். சாங்கியர்கள் உலகத்துக்கே மூலமாகச் சொல்வதும் அதே சொல். நூலின் முதல் சுலோகத்திலேயே இரண்டையும் சிலேடையாக்கியிருக்கிறார். விளையாட்டுக்கு என்று எனக்குத் தோன்றவில்லை.

எங்கள் ஆட்சீஸ்வரர் கோயில் கதையும் இந்த மாதிரிதான். முப்புரம் எரிக்கப் புறப்பட்ட சிவன் பிள்ளையாரை வணங்க மறந்தார், தேரின் அச்சு இற்றது. ஊர் அச்சிறுபாக்கம் ஆனது, பேச்சில் அச்சரப்பாக்கம். தேரில் இருப்பதும் தெய்வம், அச்சை முறித்ததும் தெய்வம். பெரியார் பற்றாளரான சக ஆசிரியர் ஒருவர் சிரிப்பார்: “ரெண்டு பக்கமும் அதே ஆள்னா அடிச்சுட வேண்டியதுதானே!”

அடிக்கலாம். ஆனால் எக்ஸ் முழுதாகப் போன பிறகு மிச்சத்தைப் பார்க்க வேண்டும். 5 = 7 என்று நின்றால் விடையே கிடையாது. 5 = 5 என்று நின்றால் எந்த எண்ணும் விடை. எக்ஸ் காணாமல்போனதும் இரண்டுக்கும் ‘விடை இல்லை’ என்று எழுதிவிடுவார்கள் பிள்ளைகள். நண்பர் அடித்தாரே தவிர மிச்சத்தைப் பார்க்கவில்லை. தெய்வமும் நானும் ஒன்று என்று அடித்துவிடுகிற வேதாந்திகளிலும் பாதிப் பேர் பார்த்ததாகத் தெரியவில்லை. நானும்தான், அச்சு முறித்தவருக்குத் தோப்புக்கரணம் போட்டுவிட்டு வந்துவிடுகிறேன்.

நேற்று அந்தப் பெண் 5 = 5 என்று முடிந்த கணக்கோடு வந்தாள். ‘விடை இல்லை’ என்று எழுதி, அடித்து, கீழே ‘எல்லாமே’ என்று எழுதியிருந்தாள். எத்தனை எண் போட்டுப் பார்த்தாய் என்றேன். பூஜ்யம், ஏழு, மைனஸ் மூன்று. அப்புறம் போரடித்துவிட்டதாம்.