மாட்சன் வழக்கில் லிங்கன்

ஆபிரகாம் லிங்கன் அமெரிக்க அதிபராவதற்கு முன் ஏறத்தாழக் கால் நூற்றாண்டுக் காலம் இல்லினாய் மாநிலத்தில் வக்கீல் தொழில் பார்த்தவர். 1834 முதல் தொடர்ந்து நான்கு முறை அம்மாநிலச் சட்டமன்றத்தின் கீழவைக்கும் தேர்ந்தெடுக்கப்பட்டார். அடிமைமுறை பற்றிய அவருடைய கருத்து அந்த அவையிலேயே பதிவாகியிருக்கிறது. அடிமை ஒழிப்புச் சங்கங்களைக் கண்டித்து 1837இல் வந்த தீர்மானத்தை 77 பேர் ஆதரித்தனர். எதிர்த்த 6 பேரில் லிங்கன் ஒருவர். சில வாரங்கள் கழித்து அவரும் டான் ஸ்டோன் என்ற சக உறுப்பினரும், அடிமைமுறை அநீதியின் மேல் நிற்பது என்று எழுதி அவைக் குறிப்பில் சேர்த்தனர். ஒழிப்பியக்கத்தாரின் பிரசாரம் அந்தத் தீமையை வளர்க்கவே செய்யும் என்ற வரியும் அதே தாளில் உண்டு. 1841இல் நான்ஸ் என்ற கறுப்பினப் பெண்ணை விற்றதற்காக எழுதப்பட்ட புரோநோட்டு செல்லாது என மாநில உச்ச நீதிமன்றத்தில் வாதாடி வென்றார்.

அவரே 1847 அக்டோபரில் சார்ல்ஸ்டன் ஊர் நீதிமன்றத்தில், அடிமைகளின் உடைமையாளர் ஒருவருக்காக எழுந்து நின்றார்.

கென்டக்கியைச் சேர்ந்த ராபர்ட் மாட்சனுக்கு இல்லினாயில் ஒரு பண்ணை இருந்தது. அங்கே வேலை செய்யக் கென்டக்கியிலிருந்து அடிமைகளைக் கொண்டுவருவார். பருவம் முடிந்ததும் திருப்பி அனுப்பிவிடுவார். இல்லினாயின் அரசமைப்பு அடிமைமுறையை நுழையவிடவில்லை என்றாலும், அடிமையோடு மாநிலத்தைக் கடந்து செல்வோரின் உரிமையை நீதிமன்றங்கள் ஏற்றிருந்தன. மாட்சனின் ஏற்பாடு அந்தச் சந்தில் புகுந்து பிழைத்தது. ஜேன் பிரையன்ட்டும் அவருடைய நான்கு பிள்ளைகளும் மட்டும் திருப்பி அனுப்பப்படாமல் இரண்டு ஆண்டுகள் அங்கேயே இருந்தனர். ஜேனின் கணவர் ஆன்டனி, அதே பண்ணையில் மேற்பார்வை பார்த்த சுதந்திர மனிதர். பிள்ளைகளோடு ஜேனைத் தெற்கே விற்றுவிடப்போவதாக மிரட்டல் எழுந்ததும் குடும்பம் இரவோடிரவாக ஓடியது. கிடியன் ஆஷ்மோரும் ஹைரம் ரதர்ஃபர்டு என்ற மருத்துவரும் அடைக்கலம் கொடுத்தனர். மாட்சன் சட்டத்தை நாடினார். சுதந்திரச் சான்று இல்லாத கறுப்பினத்தாரைப் பிடித்துவைக்க மாநிலச் சட்டம் இடமளித்ததால், தாயும் பிள்ளைகளும் வாரக்கணக்கில் சிறையில் கிடந்தனர். அடைக்கலம் தந்த இருவர் மீதும் 2,500 டாலர் இழப்பீடு கேட்டு இன்னொரு வழக்கும் போடப்பட்டது.

ரதர்ஃபர்டு முதலில் தேடிப்போனது லிங்கனைத்தான். மாட்சன் தரப்புக்கு ஏற்கெனவே வாக்குக் கொடுத்துவிட்டதாக அவர் சொல்லியிருக்கிறார். பிறகு அதிலிருந்து விலகிக்கொள்ள முடியும் என்று ஆள் அனுப்பினார். மனம் கசந்த ரதர்ஃபர்டு அதற்குள் வேறு வக்கீலிடம் போய்விட்டார்.

யாருக்கும் வக்கீல் வேண்டும், நியாயத்தைத் தீர்மானிப்பது நீதிபதியின் வேலை என்பது வக்கீல்களுக்காகச் சொல்லப்படும் வழக்கமான சமாதானம். கொலைக்குற்றம் சாட்டப்பட்டவனுக்காக வாதாடுபவரைக் காக்க இது போதும். ஏனெனில் அவன் அரசின் முழு பலத்தையும் எதிர்த்துத் தனியாக நிற்கிறான். மாட்சன் அப்படி நிற்கவில்லை. ஐந்து உயிர்களைத் தன் கையில் ஒப்படைக்கும்படி நீதிமன்றத்தின் பலத்தைக் கேட்டு வந்தவர் அவர். பென்சில்வேனியா நீதிபதி ஜார்ஜ் ஷார்ஸ்வுட் 1854இல் வெளியிட்ட தொழில் ஒழுக்க நூலில் ஏறத்தாழ இந்தக் கோட்டைத்தான் கிழிக்கிறார்: பிரதிவாதியாக நிற்பவரைக் கைவிடலாகாது, அநீதியான கோரிக்கையோடு வருபவருக்குத் துணைபோக மறுக்க வேண்டும். மேலும் மாட்சன் வக்கீல் இல்லாமல் தவிக்கவில்லை. மாநிலத்தின் முன்னாள் அட்டர்னி ஜெனரல் அஷர் லிண்டர் அவர் பக்கம் இருந்தார். வந்த வழக்கை மறுக்கக் கூடாது என்ற இங்கிலாந்து பாரிஸ்டர்களின் விதியும் லிங்கனைக் கட்டுப்படுத்தவில்லை.

கொடுத்த வாக்கு? அது மட்டும் கனமுள்ள வாதம். வழக்கின் நடுவே கட்சிக்காரரைக் கைவிடும் வக்கீலை யாரும் நம்ப மாட்டார்கள். ஆனால் விலக முடியும் என்று லிங்கனே சொல்லியனுப்பியதை ஏற்றால் இந்த வாதம் மெலிந்துவிடுகிறது. மனம் உறுத்தியது என்பதற்கும் அதே செய்தி சாட்சி.

அவர் வேண்டுமென்றே மெத்தனமாக வாதாடினார் என்று பரிந்து பேசுவோர் உண்டு. இந்தப் பரிவு அவரைக் காப்பாற்றுவதற்குப் பதில் இன்னும் தாழ்த்துகிறது. ஒருவனுடைய வழக்கை எடுத்துக்கொண்டு உள்ளிருந்தே கவிழ்ப்பது கட்சிக்காரருக்கும் நீதிமன்றத்துக்கும் செய்யும் துரோகம். ஜேன் குடியமர்த்தப்பட்டவர் அல்லர், தற்காலிகமாக வந்தவர் என்பதே மாட்சனுக்குக் கிடைக்கக்கூடிய ஒரே வலுவான வாதம். லிங்கன் அதைத்தான் முன்வைத்தார்.

வழக்கைக் கேட்ட வில்லியம் வில்சன், சாமுவேல் ட்ரீட் என்ற இரு நீதிபதிகளும் அதை ஏற்காமல் தாயையும் பிள்ளைகளையும் விடுவித்தனர். சில நாட்களில் லிங்கன் காங்கிரஸ் உறுப்பினராக வாஷிங்டனுக்குப் புறப்பட்டார். தலைநகரில் அடிமைமுறையைப் படிப்படியாக ஒழிக்க 1849இல் திட்டம் வகுத்தார். 1863இல் விடுதலைப் பிரகடனத்தில் கையெழுத்திட்டார். பின்னாளைய இந்தச் செயல்களைக் காட்டி 1847ஐக் கடந்துவிடுவது எளிது. ஆனால் அந்த அக்டோபரில் நீதிபதிகள் அவர் வாதத்தை ஏற்றிருந்தால் ஜேனும் நான்கு பிள்ளைகளும் கென்டக்கிக்குப் போயிருப்பார்கள். அங்கிருந்து அவர்களை மீட்க இல்லினாயின் எந்த நீதிமன்றத்துக்கும் அதிகாரம் கிடையாது.