தாடையைப் பிடித்த கை



நம் பங்கில் ஒரு தந்தை, எழுபதைக் கடந்தவர். சனிக்கிழமை மாலைதோறும் மகனைத் திண்ணையில் உட்கார வைத்துச் சவரம் செய்துவிடுவார், மறுநாள் பூசைக்காக. மகனுக்கு நாற்பத்தொரு வயது. பேச்சு மட்டும் மூன்று வயதுப் பிள்ளையுடையது. நுரை மூக்கில் பட்டால் சிரிப்பான், பிளேடு நெருங்கினால் தலையை ஆட்டுவான். அப்பா இடக்கையால் தாடையைப் பிடித்துக்கொண்டு, "ராசா, ஆடாம இருப்பா" என்பார். சென்ற மாதம் நான் போயிருந்தபோது பிளேடு பிடித்த கை நடுங்கியது. அவரும் பார்த்தார், நானும் பார்த்தேன். வாசல்வரை வந்து கேட்டார்: "சாமி, எங்களுக்கு அப்புறம் இவனை யாரு பாப்பா?"

இந்தக் கேள்வியோடு தூங்கி எழுகிற பெற்றோர் உங்களில் சிலர். எங்களுக்கு முன்னால் பிள்ளை போய்ச் சேரட்டும் என்று மன்றாடிவிட்டு, அப்படி மன்றாடியதற்காக அழுதவர்களும் உண்டு. அழாதீர்கள். அன்பு களைத்துப்போனால் அப்படித்தான் பேசும். ஆண்டவருக்கு அது புரியும்.

யோவான் நற்செய்தி 19ஆம் அதிகாரத்தைப் பாருங்கள். சிலுவையில் தொங்கியபோது இயேசுவுக்கும் இதே கவலை: தமக்குப் பின் அம்மாவை யார் பார்ப்பார்? அதற்காக அவர் புதுமை எதுவும் செய்யவில்லை. பக்கத்தில் நின்ற சீடரிடம் ஒப்படைத்தார். சீடரும் வீட்டுக்கு அழைத்துப் போனார். அன்பானவர்களே, அந்தத் திண்ணையில் உட்காரும் மகனுக்கு நாமும் பக்கத்தில்தான் நிற்கிறோமா? இதே கோவிலில் திருமுழுக்குக் கொடுத்து ஏற்றுக்கொண்டவனை, பூசை நடுவே சத்தம் போட்டதும் எந்த முகத்தோடு திரும்பிப் பார்க்கிறோம்?

பெற்றோருக்கு ஒரு செய்தி, பலருக்குத் தெரியாது. ஆட்டிசம், மூளை முடக்குவாதம், அறிவுசார் குறைபாடு உள்ள பிள்ளைக்கு 18 வயது நிறைந்துவிட்டால் சட்டப்படி பாதுகாவலராக இருக்க நீங்களும் விண்ணப்பிக்க வேண்டும். 1999ஆம் ஆண்டின் தேசிய அறக்கட்டளைச் சட்டம் அதற்கு வழி செய்கிறது. ஆட்சியர் இடம்பெறும் மாவட்டக் குழு அதை முடிவு செய்யும். நீங்கள் நம்புகிற வேறொருவர் பெயரையும் கொடுக்கலாம். உடம்பில் தெம்பு இருக்கும்போதே செய்யுங்கள். மனு எழுத என்னிடம் வாருங்கள், சேர்ந்தே போவோம்.

ஆனால் காகிதம் வந்து சவரம் செய்துவிடாது. அக்கம்பக்கக் குடும்பங்கள் கூடும் அன்பியக் கூட்டத்தில் அந்த அப்பாவின் கை நடுங்கியதைச் சொன்னேன். இரண்டு தம்பிகள் நேற்று அந்தத் திண்ணைக்குப் போனார்கள். புது ஆளைக் கண்டதும் மகன் மிரண்டு கையைத் தட்டிவிட்டான். பிறகு அப்பா தாடையைப் பிடித்துக்கொண்டார். தம்பி பிளேடை எடுத்தான். "கழுத்துப் பக்கம் மெதுவாப்பா" என்று அப்பா சொல்லிக்கொண்டே இருந்தாராம். இதோ, அந்த மகன் மூன்றாவது பெஞ்சில் உட்கார்ந்திருக்கிறான். முகத்தைப் பாருங்கள், ஒரு கீறல்கூட இல்லை.